இடது தோளில் போட்ட தலைப்பு

அகத்துக்காரருக்கு அநேக நமஸ்காரம்.

விஷயம் எனக்குத் தெரிந்துவிட்டது என்றதும், இதே கல்கத்தாவில் பெஹாலாவில் சிநேகிதர் வீட்டில் ஒளிந்துகொண்டு, "நான் காசிக்குப் போகிறேன், நீ உன் அண்ணாவிடம் போய்விடு" என்று எழுதியிருக்கிறீர்கள். நான் ஏன் போக வேண்டும்?

பௌதி, அதாவது மன்னி, என்று நாம் கூப்பிடும் பக்கத்து வீட்டு வங்காளிப் பெண்ணின் புருஷரும் நீங்களும் ரகசியமாக எடுத்த பயாஸ்கோப் படத்தை, அவர் இல்லாத மத்தியானம் அவள் எனக்கு ஓட்டிக் காட்டினாள். திரையில் ஒருத்தி மடிசார் கட்டி, பூச்சூடி, தன் கன்னத்தைத் தானே தொட்டுப் பார்த்துச் சிரித்தாள்.

"யாரம்மா இந்த மதராஸ்காரி? என்ன அழகு!" என்றாள் பௌதி.

என் கூறைப்புடவை. உங்கள் முகம்.

கேட்டிருந்தால் கொடுத்திருப்பேனே! பூஜைக்கென்று மடியாக வைத்திருந்ததைத் திருடுவானேன்? அதுவும் தலைப்பை இடது தோளில் போட்டுக்கொண்டு! நம் அகங்களில் வலது தோள் என்று தெரியாதா?

பிறகுதான் புரிந்தது. நான் நிலைக்கண்ணாடி முன் கட்டும்போதெல்லாம் பின்னால் நின்று பார்ப்பீர்கள். கண்ணாடியில் வலது இடதாகத்தானே தெரியும்? ஒன்பது வருஷமாக என்னைத்தான் பார்க்கிறீர்கள் என்று வெட்கப்பட்டேனே, அம்பாளுக்கே அடுக்குமா? அந்தச் சிரிப்பை என்னிடம் ஒரு நாளாவது காட்டினீர்களா?

காசி எங்கும் ஓடிவிடாது. வெள்ளிக்கிழமை வந்து சேருங்கள். திட்ட வேண்டியதை நேரில் திட்டுகிறேன். கண்ணாடியைத் துணிபோட்டு மூடிவிட்டேன். இனி உங்களுக்கு என் கையாலேயே கட்டிவிடுகிறேன், வலது தோளில்.

இப்படிக்கு,
கோபம் தீராத தங்கள் அகமுடையாள்