மிஷின் இல்லாத மூலை

அன்புள்ள பட்டுவுக்கு அம்மா எழுதுவது. அப்பா, தம்பி, நான் மூவரும் நலம், நலமென்றால் வேளைக்குச் சாப்பிடுகிறோம், தூக்கம்தான் சரியில்லை. நீ நேரத்துக்குச் சாப்பிடுகிறாயா.

கல்லூரியை விட்டுவிட்டேன், செயற்கைக் கால் செய்யும் பட்டறையில் தொழில் பழகுகிறேன், மீதிப் படிப்பைத் தபாலில் படித்துக்கொள்வேன் என்று நீ போனில் சொன்னதிலிருந்து எனக்கு ஓரிடத்தில் உட்கார முடியவில்லை. நேற்று ஒரு சட்டைக்கு இரண்டு கையையும் வலது கையாகவே வெட்டித் தொலைத்தேன். அப்பா என்னிடம் "படிப்புன்னா நாலு சுவத்துக்குள்ளதானா, அவ பொழச்சுப்பா" என்று வீராப்பாகச் சொல்லிவிட்டு, பக்கத்து வீட்டு வாத்தியாரிடம் போய் "பட்டம் இல்லாம வேலை குடுப்பாங்களா சார்" என்று கேட்டிருக்கிறார்.

என்னை அரிப்பது வேறு. போன தவணைக் கட்டணத்துக்கு என் தையல் மிஷினை விற்றோம், இப்போது கடைத்தெருவில் ஒரு தையல் கடையில் உட்கார்ந்துதான் தைக்கிறேன். உனக்குத் தெரியக்கூடாதென்று வீடியோவில் பேசும்போதெல்லாம் மிஷின் இருந்த மூலையை மறைத்துக் கதவோரமாகவே உட்கார்ந்தோம். மிஷின் சத்தமே கேட்கவில்லையே என்று நீ கேட்டபோது அப்பா முந்திக்கொண்டு சர்வீஸுக்குக் கொடுத்திருக்கிறது என்றார், அதற்குப் பிறகு எப்போது கேட்டாலும் அதே பதில். மாதக்கணக்கில் சர்வீஸில் கிடக்க அது என்ன கப்பலா. நீ கண்டுபிடித்துவிட்டாய், அதனால்தான் படிப்பை விட்டாய் என்று என் மனது அடித்துக்கொள்கிறது.

நீ அனுப்பிய வீடியோவில், நீ அளவெடுத்த காலை மாட்டிக்கொண்டு ஒரு பெரியவர் பிடித்திருந்த கம்பியை விட்டு நடக்கிறார், நீ கையை நீட்டியபடி பின்னாலேயே போகிறாய். நான் உன் முகத்தைத்தான் பார்த்தேன். நீ கல்லூரிக்குப் போன நாட்களில் அந்த முகத்தை நான் பார்த்ததே இல்லை. ஆனால் எங்களுக்காகச் சிரிக்கவும் தெரிந்தவள் நீ, அதனால் நம்பப் பயமாக இருக்கிறது.

மாதக் கடைசி வரை கல்லூரியில் உன் இடம் இருக்கும் என்றாயே, அடுத்த தவணைக்குச் சேர்த்த பணம் அப்படியே இருக்கிறது. எங்களை நினைத்து விட்டிருந்தால் திரும்பப் போய்ச் சேர். பிடித்துத்தான் பட்டறைக்குப் போயிருந்தால் அந்தப் பணத்தில் நான் மிஷின் வாங்கிக்கொள்கிறேன்.

பட்டறைத் தூசிக்கு மூக்கை மூடிக்கொள். நீ தொட்டதெல்லாம் நன்றாக வரட்டும். ஞாயிற்றுக்கிழமை மறக்காமல் கூப்பிடு, போனை அந்தக் காலி மூலைக்கு நேராகவே வைக்கிறேன். அதை நன்றாகப் பார். பார்த்த பிறகும் பிடித்துத்தான் போனேன் என்று சொல், நம்புகிறேன்.

உன் பதிலுக்குக் காத்திருக்கும்
அம்மா