கொடியில் தொங்கும் அத்தியாயங்கள்

ஜூன் 4

என் அன்பு எழுத்தாளனுக்கு,

நீ நலமாகத்தான் இருப்பாய். சமையல் இல்லை, துவைத்தல் இல்லை, வெளியூர் எழுத்தாளர் முகாமில் நாவல் எழுத மட்டும் தனி அறை கிடைத்தவனுக்கு என்ன குறை?

என் நாவலை எப்படித் திட்டமிடுகிறேன் என்று கேட்டிருந்தாய். அத்தியாயத்துக்கு ஓர் அட்டை. சுவரில் ஒட்டினால் நம் குட்டி மகாராணி பிய்க்கிறாள். அதனால் துணிக்கொடியில், அவளுடைய ஈரத்துணிகளுக்கு நடுவே கிளிப் போட்டுத் தொங்கவிட்டிருக்கிறேன். முன்னே பின்னே நகர்த்தவும் சுலபம். நேற்று ஐந்தாம் அத்தியாயம் கீழே விழுந்தது. எடுப்பதற்குள் வாயில் போட்டு மென்றுவிட்டாள். கதாநாயகன் சாகிற அத்தியாயம் அது. நல்லவேளை, துப்பிவிட்டாள், ஆள் பிழைத்துக்கொண்டான்.

முந்தாநாள் அவள் அழுகை நிற்கவே இல்லை. நான் குளியலறைக்குள் போய், குழாயைத் திறந்துவிட்டு அழுதேன். உன்னிடம் மட்டும் சொல்கிறேன்.

பேசியது ஞாபகம் இருக்கட்டும். முதல் மூன்று மாதம் நீ எழுத, அடுத்த மூன்று நான் எழுத. செப்டம்பர் பிறந்தால் பிள்ளை உன் இடுப்பில்.

அன்புடன்,
உன் தூங்காமூஞ்சி

ஜூன் 20

செல்லத் தூங்காமூஞ்சிக்கு,

உன் கடிதம்தான் எனக்கு இங்கே உயிர். இன்னும் எழுது. அவள் எப்படிச் சிரிக்கிறாள், எப்படி அடம்பிடிக்கிறாள், ஒன்று விடாமல் எழுது. பக்கத்தில் இல்லையே என்கிற ஏக்கம் அதில்தான் தீர்கிறது.

முத்தங்களுடன்,
உன்னவன்

ஆகஸ்ட் 2

உனக்கு,

பக்கத்து வீட்டு அக்கா வார இதழோடு ஓடி வந்தார். “குடுத்து வச்சவடி நீ! உன் வீட்டுக்காரர் புள்ளைய மடியில போட்டுக்கிட்டே நாவல் எழுதறாராமே! எங்க வீட்லயும் ஒண்ணு இருக்கே, தூளி கயிறக்கூடத் தொட்டதில்ல. ஆமா, அவர் ஊர்லயே இல்லையே, எப்ப மடியில வச்சாரு?”

உன் கட்டுரையைப் படித்தேன். கொடியில் அட்டை தொங்கவிட்டவன் நீயாம். மென்று துப்பியது உன் அத்தியாயமாம். நான் ஒரே ஒரு வரியில் வருகிறேன், உனக்குத் தேநீர் கொண்டு வர.

அதெல்லாம் போகட்டும். குழாயைத் திறந்துவிட்டு அழுததும் நீதானா? அந்த அழுகையையாவது எனக்கு விட்டுவைத்திருக்கக் கூடாதா?

நான்

ஆகஸ்ட் 14

கோபக்காரிக்கு,

நம் வீட்டு விஷயம்தானே, இதில் உன்னுடையது என்னுடையது என்று பிரிப்பாயா? வாசகர்கள் உருகிவிட்டார்களாம். தொடராகவே கேட்கிறார்கள். அறையையும் டிசம்பர் வரை நீட்டித்துத் தந்துவிட்டார்கள். உன் நாவல் எங்கேயும் ஓடிவிடாது, கொடியில்தானே தொங்குகிறது!

பல் முளைத்துவிட்டதா? பேசுகிறாளா? உடனே எழுது. வெள்ளிக்கிழமைக்குள் இதழுக்கு அனுப்பியாக வேண்டும்.

உன்னவன்

செப்டம்பர் 1

மதிப்பிற்குரிய எழுத்தாளர் அவர்களுக்கு,

இன்று முதல் தினமும் மதியம் வரை அக்கா குழந்தையைப் பார்த்துக்கொள்கிறார். நான் எழுத உட்கார்ந்துவிட்டேன். ஐந்தாம் அட்டையைப் புதிதாக எழுதிக் கொடியில் மாட்டியாயிற்று. இந்த முறை அவன் பிழைக்க மாட்டான்.

பல் முளைத்துவிட்டது. மேலேயா கீழேயா என்று சொல்வதாக இல்லை.

தன் முதல் சொல்லையும் நேற்றுச் சொல்லிவிட்டாள். துணி உலர்த்திக்கொண்டிருந்தேன்; என் புடவையைப் பிடித்து எழுந்து நின்று, தெளிவாகச் சொன்னாள். அக்காவும் கேட்டார். இரண்டு பேரும் சிரித்துச் சிரித்துக் கண்ணீர் விட்டோம்.

என்ன சொல் என்று எழுத மாட்டேன்.

இப்படிக்கு,
குழந்தையின் அம்மா