பின்வாசல் அடுப்பு

அத்தை, மாட்டிறைச்சியும் மிளகும் பட்டையும் வெந்த வாசனை உங்கள் சமையலறையை விட்டு இன்னும் போகவில்லை. ஆமாம், உங்கள் அடுப்பில்தான் வைத்தேன். சாமி அறையில் உங்கள் படம் இருக்கிறதே என்று கதவைச் சாத்தினேன். வாசனைக்குக் கதவெல்லாம் ஒரு தடையா?

"மழ கொட்டுது. இப்ப யாரு கேக்கப் போறா, உள்ளயே ஆக்குலா," என்றார் உங்கள் மகன். நானும் சட்டியை ஏற்றினேன். நீங்கள் போய் வருடம் திரும்பவில்லை என்று தீபாவளிக்கு ஒரு முறுக்குக்கூட நாங்கள் சுடவில்லை. உங்கள் பண்டிகையை நிறுத்திய வீட்டில் என் கிறிஸ்மஸ் மட்டும் கொதித்தது. வெட்கமாக இருக்கிறது அத்தை.

கல்யாணமாகி ஈப்போவுக்கு வந்த முதல் வருடம், லூமுட்டில் என் அம்மா வைக்கும் இந்தக் கறிக்கு நான் ஏங்கியது உங்களுக்கு எப்படித் தெரிந்ததோ. சுங்கை சிப்புட் தோட்டத்தில் மாரியம்மனுக்குத் தீச்சட்டி எடுத்தவர் நீங்கள். வேண்டாம் என்றிருந்தால் விட்டிருப்பேன். நீங்களோ பின்வாசலில் கரி அடுப்பு வைத்து, தனிச் சட்டியும் தனி அகப்பையும் வாங்கித் தந்தீர்கள். மாடு என்று மட்டும் கடைசிவரை சொன்னதில்லை. "ஒன் கறி" என்பீர்கள்.

சிறு தீயில் நிதானமாக வெந்து, கடைசியில் முட்டைக்கோஸ் குழைந்து சாற்றோடு சேர வேண்டிய கறி அது. ஒரு வருடம் அடுப்பை அப்படியே விட்டு மாதா கோயிலுக்குப் போனேன். மழை பிடித்துக்கொண்டது. அடித்துப் பிடித்து ஓடி வந்தால், முந்தானையால் மூக்கைப் பொத்தியபடி நீங்கள் அடுப்புக்குக் குடை பிடித்து நின்றீர்கள்.

"நெருப்பு அணஞ்சா கறி வெரச்சுப் போயிரும்லா. கோபிஸ நீயே போட்டுக்க, எனக்கு அளவு தெரியாது."

சரி என்று கோஸ் அரிய உள்ளே ஓடினேன்.

இன்றும் கோஸ் போடும் பதம் வந்தது. கை ஓடவில்லை. அடுப்பை அணைத்துவிட்டு, சட்டியைப் பின்வாசலுக்குத் தூக்கிப்போய்க் கரி மூட்டினேன். பைத்தியமா உனக்கு என்றார் உங்கள் மகன். குடையை விரித்து அடுப்புக்கு மேல் பிடித்தேன். கோஸ் குழையும் வரைக்கும் நின்றேன். முதுகு முழுக்க நனைந்துவிட்டது.

அந்தக் குடை அடுப்புக்கு மட்டும்தான் போதும், அத்தை. அன்றைக்கு உங்கள் தலைக்கு இன்னொரு குடை கொண்டுவர எனக்குத் தோன்றவே இல்லை.