காட் முடியும் முன்பே

மாமா,

இன்று வேலை முடிந்து வரும்போது பதின்மூன்றாம் இலக்க மெத்ரோவில் எனக்கு எதிரே ஒரு கணவனும் மனைவியும் இருந்தார்கள். ஒரே கைபேசியில் ஒரு பழைய வீடியோவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். முதலில் சைக்கிள் மணிச் சத்தம் கேட்டது. அது நான் அடித்த மணி. பிறகு உங்கள் குரல்.

"இந்த ஆள் இப்ப எங்கையப்பா?" என்று அவள் கேட்டாள்.

"செத்துப்போச்சாம்."

"ஐயோ பாவம். திருப்பிப் போடுங்கோ."

சென் தெனி நிலையத்தில் இறங்கினேன். நடைமேடையிலேயே நின்றேன்.

பகலில் உணவகத்தில் கோப்பை கழுவுவீர்கள். சனி, ஞாயிறுகளில் கலியாண மண்டபங்களில் எல்லோரையும் சிரிக்க வைப்பீர்கள். அப்பாவோடு அதே குசினியில் வேலை செய்ததால் எனக்கு நீங்கள் மாமா. ஆட்களைக் கண்டால் ஒளிகிற எனக்குத் திரைக்குப் பின்னால் சைக்கிள் மணியடிக்கும் வேலையைத் தந்தீர்கள். பல்கலைக்கழகம் முடித்த பிறகும் வந்தேன். "வீட்டிலை முதல் பட்டதாரி. படிச்சது மணியடிக்க!" என்று மண்டபம் முழுக்கச் சொல்லிச் சிரிப்பீர்கள்.

மணி அடித்ததும் மேடையில் இருக்கும் சிவப்புத் தொலைபேசியை எடுப்பீர்கள். வன்னியிலிருந்து உங்கள் அம்மா பேசுவதாகப் பாவனை. "ஓம் அம்மா, பெரிய வேலைதான். வெள்ளைக்காரர் சாப்பிட்டு முடிய எல்லாம் என்ரை கைக்குத்தான் வரும்." "குளிரோ? வெளியிலை நிக்கிறதை விட பிரிட்ஜுக்குள்ளை இருந்தால் சூடு அம்மா." கடைசியில் ஒவ்வொரு முறையும் தொலைபேசிக் காட்டில், அந்த அட்டையில், காசு தீர்ந்து கதை பாதியில் அறும். சனம் உங்களோடு சேர்ந்து கத்தும்: "காட் முடிஞ்சுது!" நீங்களாக ஒருநாளும் தொலைபேசியை வைத்ததில்லை.

2009 மே மாதத்துக்குப் பிறகு உங்கள் அம்மாவைப் பற்றி ஒரு தகவலும் இல்லை. கனடாவிலிருந்து உங்கள் அக்கா அம்மாவுக்கு அந்தியேட்டிக் கிரியை செய்யச் சொல்லி அழுதா. "ஆர் கண்டது?" என்று மட்டும் கேட்பீர்கள். மேடையில் அம்மாவோடு பேசுவதையும் நிறுத்தவில்லை. ரூ பிலிப்-து-ஜிரார் தெருவில் காய்கறிக் கடையில் ஒருவர், உங்களுக்குக் கேட்கட்டும் என்றே சொன்னார்: "தாய் எங்கையெண்டு தெரியாது. இவர் தாயை வைச்சுச் சிரிப்புக் காட்டுறார்." நீங்கள் கத்தரிக்காய்களைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டு நின்றீர்கள்.

சில வருடங்கள் இப்படியே போயின. ஒரு கலியாண வீட்டில், நீங்கள் முகத்துக்குப் பவுடர் போட்டுக்கொண்டிருந்தபோது திரைக்குப் பின்னால் ஒரு அம்மா வந்தா. உங்கள் ஊர்க்காரி. பிரான்சுக்கு வந்து கொஞ்ச நாள்தான்.

"தம்பி, அம்மாவை நான் கண்டனான்" என்றா. "பங்கர் வாசலிலை. ஷெல் விழுந்தது."

உங்கள் கை பவுடர் டப்பாவிலேயே நின்றது. "பக்கத்திலை ஆரும் இருந்தவையோ?"

"நான் இருந்தனான், ராசா. தண்ணி குடுத்தனான்."

வெளியே உங்கள் பெயரை அறிவித்தார்கள். கைதட்டல் கேட்டது. "வேண்டாம் மாமா" என்றேன். நீங்கள் சட்டைப் பொத்தானைப் பூட்டினீர்கள். "மணியை அடி பிள்ளை. இண்டைக்கு நான் கட்டாயம் எடுக்க வேணும்."

அடித்தேன். குளிரையும் கோப்பையையும் வழக்கம்போலச் சொன்னீர்கள். பிறகு பேசாமல் கேட்டுக்கொண்டே நின்றீர்கள். சனம் காட் முடியக் காத்திருந்தது. நீங்கள் மெதுவாக, "சரி அம்மா, வைக்கிறன்" என்று சொல்லி வைத்தீர்கள்.

"அண்ணை, காட் இன்னும் முடியேல்லை!" என்று ஒருவர் கத்தினார்.

"தெரியும் தம்பி" என்றீர்கள்.

மண்டபம் அதிரச் சிரித்தது. அந்தச் சிரிப்பைத்தான் இன்று மெத்ரோவிலும் கேட்டேன்.

அடுத்த கிழமை தலை மழித்து அந்தியேட்டி செய்தீர்கள். அதன் பிறகு மேடை ஏறவில்லை. கோப்பை மட்டும் கழுவினீர்கள். ஒரு மாரியில் நெஞ்சுவலி வந்து போய்விட்டீர்கள். பிள்ளை குட்டி இல்லாத உங்களுக்கு என் அப்பாதான் கொள்ளிக் கடமை செய்தார். தகனசாலையில் வந்தவர்கள் உங்கள் பகிடிகளைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தார்கள். அந்த ஊர்க்கார அம்மா மட்டும் சுவரோடு நின்று அழுதா.

வேலை கிடைத்த பிறகு நான் சென் தெனியில் தனியாக இருக்கிறேன். பின்னேரங்களில் என் அம்மா தொலைபேசி எடுப்பா. சாப்பிட்டியா, கதவைப் பூட்டினியா என்று கேட்டு முடிந்ததும், "சரி பிள்ளை, வை" என்பா.

"நீங்கள் வையுங்கோ அம்மா."

"உன்னோடை ஒவ்வொரு நாளும் இதே கரைச்சல்" என்று சொல்லிக்கொண்டே வைப்பா. அம்மாவின் பக்கம் அடங்கிய பிறகுதான் நான் கைபேசியைக் காதிலிருந்து எடுப்பேன்.