தம்பியின் முதுகு

மார்ச் 4
இன்றும் பாதியில் ஆட்கள் எழுந்து போனார்கள். "டிக்கெட் எடுத்து வந்து முதுகையா பாக்கணும்?" என்று ஒருவன் கத்தினான். வாய் நிறையத் தீனி.

தம்பிக்கு நான்தான் மேக்கப். முகத்துக்கு இல்லை, பிடரிக்கும் தோள்பட்டைக்கும். மேடையில், வராத ஒருத்திக்காகக் காத்து நிற்பான். கடைசிவரை சபைப் பக்கம் திரும்ப மாட்டான். தோளிலேயே அழுவான்.

"மூஞ்சி நல்லாத்தானே இருக்கு? அதைக் காட்டச் சொல்லும்மா, தண்டச்சோறு" என்கிறார் மேனேஜர். த்தூ.

மார்ச் 19
கண்ணெல்லாம் மஞ்சள். டாக்டரிடம் போடா என்றால், "முதுகு மஞ்சளா இல்லியேக்கா" என்கிறான். இவனை என்ன செய்ய!

ஏப்ரல் 2
போய்விட்டான். இருபத்தேழு வயசு.

ஏப்ரல் 9
மேனேஜர் வீட்டுக்கு வந்து காய்ந்த கண்ணைத் துடைத்துக்கொண்டார். "அவன் மேதைம்மா." நரம்பில்லாத நாக்கு! தம்பியின் ஆட்டத்தை எங்கள் குழுவிலேயே இருக்கும் மீசைக்காரனை வைத்துப் போடுகிறார்களாம். முடிவில் அவன் திரும்பி, அழுத முகத்தைக் காட்டுவானாம்.

"திரைக்குப் பின்னாடி நின்னு அவன் மூஞ்சியை நீதானே பாப்பே? உன் தம்பி நெசமாவே அழுவானா?"

ஆமான்னு சொல்லித் தொலைச்சேன். எங்கே அழுதான்? எழுந்து போகாமல் முன்னால் இருப்பவர்கள் மூக்கைச் சிந்தும்போது, அவன் கண்ணை மூக்குக்கு இழுத்து, நாக்கை நீட்டி எனக்குப் பழிப்புக் காட்டுவான். சின்ன வயதில் அப்பா என்னைத் திட்டும்போது அவருக்குப் பின்னால் நின்று காட்டிய அதே மூஞ்சி. நான் சிரித்துவிட்டால் அவன் ஜெயித்தான். இதைப் போய் இந்த ஆளிடம் சொல்வேனா?

மீசைக்காரனுக்கு மேக்கப் போட வேறு ஆள் பார்க்கச் சொல்லிவிட்டேன்.

ஏப்ரல் 25
போயிருக்கவே கூடாது. போனேன், முதல் வரிசை. அந்த ஆட்டத்தை முன்னாலிருந்து நான் பார்த்ததே இல்லை.

மீசைக்காரன் அப்படியே காப்பியடித்து நின்றான். தோள் மெல்ல இறங்கியது. சீ — எனக்கு அழுகை வந்துவிட்டது. இதைத்தான் பார்த்தார்களா எல்லாரும்? இவ்வளவு நாளும் எனக்கு மட்டும் இது தெரியாமல் போயிற்றா? அதுவும் இந்தப் போலியைப் பார்த்தா அழ வேண்டும்? என்மேலேயே அருவருப்பாக இருந்தது.

அப்புறம் திரும்பினான். கன்னமெல்லாம் கிளிசரின். ஹாலே எழுந்து கைதட்டுகிறது. யோசிக்கவே இல்லை — கண்ணை மூக்குக்கு இழுத்து நாக்கை நீட்டினேன்.

பார்த்துவிட்டான். குபீரென்று சிரித்தான். அடக்கப் பார்க்கிறான், முடியவில்லை. கிளிசரின் வழிய வழியச் சிரிக்கிறான். கைதட்டல் அப்படியே நின்றுவிட்டது.

மே 1
ஆட்டத்தைத் தூக்கிவிட்டார்கள். எனக்கும் வேலை இல்லை. "உன் தம்பி பேரையே கெடுத்துட்டியேம்மா" என்றார் மேனேஜர். பேராம் பேர்!

இனி அதை யாரும் ஆட மாட்டார்கள். ஜெயிச்சுட்டேன்டா.

காலையில் பல் விளக்கும்போது கண்ணாடியில் அந்த மூஞ்சியைச் செய்து பார்த்தேன். சிரிப்பு வரவில்லை.