பதினான்காவது கடிதம்

ஓர்லியான்
புனித மார்ட்டின் திருநாள், 1143

என் உயிரில் பாதியான ரிஷில்தாவுக்கு, மீதிப் பாதியான ஃபுல்கோ எழுதுவது.

நான் நலம். நீயும் நலமாக இருக்க மன்றாடுகிறேன். ஏழு வருடம் ஓடிவிட்டது. உன் மாமாவின் மருந்துக்கடை மாடிக்கு இலக்கணம் சொல்லித்தர வந்தவன், உன்னிடம் காதல் படித்துவிட்டுப் போனேன். கல்யாணம் செய்தால் பள்ளியில் என் இடம் போய்விடும் என்று நான் பின்வாங்கியதையும், நீ மடத்துக்குப் போனதையும் நினைக்காத நாளில்லை. உன் கடிதங்கள் பதினொன்றும் என் தலையணைக்கு அடியில் இருக்கின்றன. வேறு கண் பட்டதில்லை.

ஒரே ஒரு வேண்டுதல். நான் உனக்கு எழுதியவற்றை அனுப்பி வை. இரண்டையும் அருகருகே வைத்துப் படிக்க ஆசை. கழுதைக்காரன் பெரோவிடம் நம்பிக் கொடுக்கலாம். ஈஸ்டரில் ஆயர் என்னைப் பள்ளித் தலைவனாக்குவார் என்று பேச்சு. அதற்கும் செபம் செய்.

என்றும் உனக்கே உரிய
ஃபுல்கோ

*

ஆற்றங்கரை மடம்
திருவருகைக் கால முதல் ஞாயிறு

பேராலயப் பள்ளி ஆசிரியர் ஃபுல்கோ அவர்களுக்கு, மடத்து எழுத்தறையைப் பார்த்துக்கொள்ளும் ரிஷில்தா எழுதுவது.

உங்கள் கடிதம் வந்தது. முதல் நாலு வரி படித்து முடிப்பதற்குள் என் கஞ்சி ஆறிவிட்டது. பாதி உயிரோடு ஏழு வருடம் நன்றாகத்தான் சதை போட்டிருக்கிறீர்கள். "வாத்தியாரக் கழுத மேல ஏத்த ரெண்டாளு வேணும்மா, எறக்க மூணாளு" என்று பெரோ சொல்கிறான்.

உங்கள் கடிதங்கள் இருக்கின்றன. என் பெட்டியில், கம்பளிக் காலுறைகளுக்கு அடியில். ஏன் எரிக்கவில்லை என்று கேட்டால் எனக்கே என் மேல் எரிச்சல் வருகிறது. நீங்கள் கோழை என்பது எனக்கு அன்றே தெரியும். ஆனாலும் அந்த மாடியில் நடந்தது பொய்யில்லை என்று சொல்ல எனக்கு அவை மட்டும்தான் மிச்சம். அதையும் கொடு என்கிறீர்கள். யோசித்துச் சொல்கிறேன்.

ரிஷில்தா

*

ஓர்லியான்
மூவரசர் திருநாள், 1144

என் இனிய கோபக்காரிக்கு,

நீ திட்டினாலும் தேன்தான். (மூன்றாம் வரியில் ஒரு வினைச்சொல் பிசகியிருக்கிறது. உன்னிடம் இதை எதிர்பார்க்கவில்லை.) யோசிக்க என்ன இருக்கிறது? ஈஸ்டருக்குள் வந்து சேர்ந்தால் நல்லது. பிரிந்த கடிதங்கள் ஒன்று சேரட்டும், நாம்தான் சேரவில்லை.

உன் ஃபுல்கோ

*

ஆற்றங்கரை மடம்
சாம்பல் புதனுக்கு மறுநாள்

ஆசிரியர் ஃபுல்கோவுக்கு,

காதலுக்கு ஈஸ்டர் என்று கெடு வைத்தபோதே எனக்கு உறைத்திருக்க வேண்டும்.

நேற்று மாவு அரைக்கும் ஆலை நடத்துகிற விதவை பெர்த்தா மடத்து வாசலுக்கு வந்தாள். "அம்மா, ஓர்லியான்ல படிக்கிறவரு ஒருத்தரு எனக்குக் கடுதாசி குடுத்திருக்காரு. இலத்தீனாம். கொஞ்சம் படிச்சுச் சொல்லுங்க, மெதுவா, நாலு பேரு கேக்காம" என்றாள்.

"என் கண்ணின் ஒளியான இன்னாளே" என்று தொடங்கியது. பெர்த்தா என்ற பெயரை நிரப்பக்கூட அந்தச் சோம்பேறிக்குக் கை வரவில்லை. மேலே படித்தேன். "என் வலது காது கேளாது. அதனால் வலப்பக்கம் ஒருக்களித்துப் படுத்து, கேட்கும் காதைத் தெருவுக்குக் கொடுத்திருக்கிறேன், உன் காலடிக்காக."

பெர்த்தா கன்னத்தில் கை வைத்தாள். "அய்யய்யோ, செவிடா அவரு? போன வாரம் நான் வாய்க்குள்ள திட்டுனதுக்கே மொறைச்சாரே!"

பத்தொன்பது வயதில், காய்ச்சலோடு, அந்த மாடியில் உட்கார்ந்து நான் எழுதிய வரி அது. கேளாத காது என்னுடையது. இரண்டு காதும் நன்றாகக் கேட்கிற தடியன் அதை ஒரு மாவு ஆலைக்காரியிடம் நீட்டுகிறான். என் கடிதம் தலையணைக்கு அடியிலிருந்து இவன் கைக்கு எப்படி நடந்து போனது?

என் கடிதங்கள் பதினொன்றும் எனக்கு வேண்டும். பெரோவை அனுப்புகிறேன்.

ரிஷில்தா

*

ஓர்லியான்
புனித கிரகோரி திருநாள்

அன்புள்ள ரிஷில்தாவுக்கு,

அவசரப்பட்டுக் கோபப்படாதே. மாணவர்களுக்காக மாதிரிக் கடிதப் புத்தகம் ஒன்று தொகுத்திருக்கிறேன். அதில் நீ சொல்வது பதினான்காவது. உன் மானத்துக்காகப் பெயரை எடுத்துவிட்டேன். ஆண் எழுதியதாக மாற்றினேன், இல்லாவிட்டால் யார் மதித்துப் படிப்பார்கள்? ஆயரே அதைப் படித்துக் கண் கலங்கி, "ஃபுல்கோ, உமக்கு இதெல்லாம் எப்படிய்யா தோணுது?" என்றார். நான் அடக்கமாகத் தலை குனிந்துகொண்டேன்.

பதில்கள் இல்லாமல் புத்தகம் நொண்டுகிறது. என் கடிதங்களுக்கு நான் படி எடுத்து வைக்கவில்லை. அதனால்தான் கேட்டேன். இதில் என்ன பாவம்?

உன் மூலங்களை அனுப்ப வழியில்லை. எழுத நல்ல தோல் கிடைப்பது எவ்வளவு கஷ்டம் என்று எழுத்தறைக்காரி உனக்குத் தெரியாதா? உன் எழுத்தைச் சுரண்டிவிட்டு அதே தோலில்தான் புத்தகத்தை எழுதினேன். ஒரு வகையில் என் எழுத்துக்கு அடியில் நீ படுத்திருக்கிறாய். அழகான எண்ணம், இல்லையா?

உன் ஃபுல்கோ

*

ஆற்றங்கரை மடம்
ஈஸ்டர் கழிந்த திங்கள்

ஃபுல்கோவுக்கு,

நீ பள்ளித் தலைவன் ஆகிவிட்டாய் என்று பெரோ சொன்னான். சந்தோஷம். என் காதை வைத்து நாற்காலி வாங்கிக்கொண்டாய்.

உன் கடிதங்களை ஆயருக்கு அனுப்பலாமா என்று அரை நாள் யோசித்தேன். எடுத்து ஒரு முறை படித்துப் பார்த்தேன். அதற்கும் லாயக்கில்லை. முழுக்க முழுக்க உன் படிப்பு, உன் கவலை, உன் அஜீரணம். இதையா ஏழு வருடம் காலுறைக்கு அடியில் வைத்துக் காத்தேன் என்று எனக்குச் சிரிப்புத்தான் வந்தது.

நுரைக்கல் போட்டு எழுத்தை நானே தேய்த்தேன். களஞ்சியத்துச் சகோதரி ஒசன்னா எட்டிப் பார்த்தாள்.

"நல்ல எழுத்தா இருக்கே, ஒரு தரம் படிக்க வேணாமா?"

"படிச்சாச்சு."

"அப்ப இந்தத் தோல வச்சுத் தேன் ஜாடிக்கு வாய் கட்டிக்கவா?"

"கட்டிக்கோ. இறுக்கிக் கட்டு."

பத்து ஜாடி சந்தைக்குப் போய்விட்டது. பதினொன்றாவதை உனக்கு அனுப்பியிருக்கிறேன். மூடியை வெளிச்சத்தில் பிடித்தால் உன் கையெழுத்தின் வால் கொஞ்சம் தெரியும். தேனைச் சாப்பிடு, அஜீரணத்துக்கு நல்லது.

புத்தகத்துக்குப் பதில் கடிதம் வேண்டும் என்றாயே. உன் மாணவனுக்கு பெர்த்தா சொல்லச் சொல்ல நான் எழுதிக் கொடுத்த பதிலை, ஒரு எழுத்தும் மாற்றாமல் தருகிறேன். பதினைந்தாவதாகச் சேர்த்துக்கொள். "ஆச இருந்தா நேர்ல வந்து மூட்டையத் தூக்கு. எவளோ ஒருத்தி காதத் திருடிக்கிட்டு என் வாசலுக்கு வராத." இதற்குக் கீழே பெர்த்தா என்று அவள் பெயரைப் போடு. இன்னாள் என்று போட்டால் உனக்குக் கை விளங்காது.

எனக்கு இனி எழுதாதே. எழுதினால் அதுவும் ஜாடிக்குத்தான் போகும்.

இப்போதெல்லாம் நான் இடப்பக்கம் ஒருக்களித்துப் படுக்கிறேன். கேட்கிற காது தலையணைக்குள், கேளாத காது தெருவுக்கு. விடியும் மணி அடித்து, ஒசன்னா வந்து உலுக்கினால்தான் விழிக்கிறேன்.

ரிஷில்தா