சுண்டுவிரலை இரண்டு தரம் அழுத்தியவளுக்கு

ஒரே பெஞ்சில் என்னை ஒட்டி உட்கார்ந்திருந்த என் கதீசாவுக்கு,

நீ இறந்துபோய் ஒரு வருஷம் முடிந்துவிட்டது. போன மாதம் எனக்குப் பித்தப்பைக் கல்லுக்கு ஆபரேஷன் ஆனது. நல்லபடியாக இருக்கிறேன். கண் முழித்ததும் உன்னிடம்தான் இதை முதலில் சொல்லவேண்டும் என்று தோன்றியது. அடுத்த சில நாளில் உன் பெயரைச் சொல்லவே பிடிக்காமல் போயிற்று. ஏன் என்று உனக்குத் தெரியும்.

இதை நம் தமிழ்ச் சங்கத்து மலரில் போடச் சொல்லிக் கொடுக்கப் போகிறேன். கொச்சி மட்டாஞ்சேரியில் தமிழ் வாசிக்கத் தெரிந்தவர்கள் எல்லாரும் வாசிக்கட்டும். பதினெட்டு வருஷமாக என்னைப் பார்த்துச் சிரித்தவர்கள் அவர்கள்தானே? உனக்குத் தெரிந்ததையே அவர்களுக்காகத் திரும்பச் சொல்கிறேன், பொறுத்துக்கொள்.

அஞ்சாம் வகுப்போடு நாம் இரண்டு பேரும் நின்றோம். நான் கிடங்கில் சுக்கு பொறுக்கப் போனேன். நீ கொஞ்ச வருஷம் கழித்து ஆஸ்பத்திரியில் ஆயாவானாய். எனக்குக் கர்ப்பப்பையை எடுக்கவேண்டும் என்றபோது, நீ இருக்கிறாயே என்றுதான் அந்த ஆஸ்பத்திரிக்கே வந்தேன்.

மயக்க ஊசி போட்டார்கள். தூங்கினேன். பிறகு முழித்துக்கொண்டேன். கண்ணை ஒட்டி வைத்திருந்தார்கள். தொண்டையில் குழாய். ஒரு விரலைக்கூட அசைக்க முடியவில்லை. ஆனால் காது கேட்டது. வலித்தது. வயிற்றுக்குள் கை போய்வருவது தெரிந்தது. டாக்டர் தன் மகள் கல்யாணத்துக்கு நெய்ச்சோறு போடுவதா பிரியாணி போடுவதா என்று பேசிக்கொண்டிருந்தார். நான் கத்தினேன். சத்தம் எனக்குள்ளேயே நின்றது. கண்ணில் மட்டும் தண்ணீர் வந்து, ஒட்டியிருந்ததன் ஓரமாகக் காதுப் பக்கம் வழிந்தது.

யாரோ அதைப் பஞ்சால் துடைத்தார்கள். பிறகு என் சுண்டுவிரலைப் பிடித்து இரண்டு தரம் அழுத்தினார்கள்.

அந்த அழுத்தம் இந்த உலகத்தில் நம் இரண்டு பேருக்குத்தான் தெரியும். மூன்றாம் வகுப்பில் பழகியது. டீச்சர் கேள்வி கேட்கும்போது பெஞ்சுக்கு அடியில் ஒரு தரம் அழுத்தினால், சொல்லிவிடு. இரண்டு தரம் அழுத்தினால், வாயைத் திறக்காதே. எத்தனை அடியிலிருந்து தப்பித்திருக்கிறோம் அதனால்!

தையல் பிரிப்பதற்கு முன்பே, வயிற்றைப் பிடித்துக்கொண்டு உன் வீட்டுக்கு வந்தேன்.

“எடியே, நீதானே உள்ள இருந்தே?”

“நான் அன்னைக்குப் பிரசவ வார்டுல டியூட்டி. ஆபரேஷன் தியேட்டர் பக்கமே வரலை.”

“எனக்கு எல்லாம் கேட்டுச்சு கதீசா. வலிச்சுது. நெய்ச்சோறு, பிரியாணின்னு பேசினாங்க.”

“முந்தின நாள்லேர்ந்து பட்டினி கிடந்தேல்ல. பசியில சோத்தைக் கனாக் கண்டிருப்பே.”

“உன் மக ரசியா தலையில கை வெச்சுச் சொல்லு.”

“சாயா பொங்குது, இரு” என்று உள்ளே ஓடினாய்.

எட்டிப் பார்த்தேன். அடுப்பே பற்றவைத்திருக்கவில்லை. அதைப் பார்த்துக்கொண்டேதான் உன்னை நம்பினேன். உன்னை நம்பாமல் நான் வேறு யாரை நம்புவேன்?

அதற்குப் பிறகு ஊருக்கு நான் வேடிக்கையானேன். என் வீட்டுக்காரர் வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொன்னார்: “கல்யாணமானதுலேர்ந்து இவ ரெண்டு மணி நேரம் வாயை மூடிக்கிட்டிருந்தது அன்னைக்கு மட்டும்தான். அந்தக் கோவத்துல கதை கட்டுறா.” கிடங்கில் சுக்கு பொறுக்கும் பெண்கள், “பாக்கியம் சேச்சி, தியேட்டர்ல இன்னைக்கு என்ன சாப்பாடு?” என்றார்கள். உன் நாத்தனார் மகள் கல்யாணப் பந்தியில், “பாக்கியத்துக்கு நெய்ச்சோறும் வைங்க, பிரியாணியும் வைங்க” என்று ஒருத்தர் சொல்ல, பந்தியே சிரித்தது. நீயும் சிரித்தாய். கையில் தண்ணீர்ச் செம்போடு நின்று சிரித்தாய், கதீசா.

நான் பொய் சொல்லி வளர்ந்தவள் இல்லை. படிப்பு அஞ்சாம் வகுப்புதான் என்றாலும், கிடங்கில் பாக்கியம் சொன்னால் சரியாக இருக்கும் என்பார்கள். அந்தப் பேர் போயிற்று. அதைவிட மோசம், எனக்கே என் மேல் சந்தேகம் வந்துவிட்டது. நிஜமாகவே கனாதானோ? எனக்கு மூளையில் ஏதாவது கோளாறோ?

பித்தப்பையில் கல் என்று தெரிந்து நாலு வருஷம் நான் ஆபரேஷனுக்குப் போகவில்லை. வலியில் சுருண்டு கிடந்தேன். உனக்கே உடம்புக்கு முடியாத காலத்திலும் நீ கஞ்சி எடுத்துக்கொண்டு வந்து, “ஒண்ணும் ஆகாது, போய்ப் பண்ணிக்கோ” என்றாய். எனக்கு என்ன பயம் என்று தெரிந்துகொண்டே சொன்னாய். கண் மஞ்சளான பிறகு மகன் என்னைக் கேட்காமலே தூக்கிக்கொண்டு போய்ச் சேர்த்தான். இந்தத் தடவை வேறு ஆஸ்பத்திரி.

ஆபரேஷனுக்கு முந்தின நாள் மயக்க டாக்டர் கட்டிலுக்குப் பக்கத்தில் வந்தாள். சின்னப் பெண். என் மூத்த பேத்திக்கு அக்கா என்று சொல்லலாம். “பேடி உண்டோ அம்மே?” என்று கேட்டாள். பயமா என்று அவள் கேட்ட விதத்தில் எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். எப்போது சிரிப்பாள் என்று அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவள் ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

“கண்ணுல தண்ணி வந்துச்சா அம்மே?”

“வந்துச்சு. யாரோ துடைச்சாங்க.”

அவள் என் சீட்டில் ஏதோ குறித்துக்கொண்டாள். பிறகு தனக்குத் தெரிந்த தமிழில் சொன்னாள்: “தூங்க வைக்கிற மருந்து வேற, உடம்பை அசையாம வைக்கிற மருந்து வேற. தூக்க மருந்து போதாமப் போனா இப்படி ஆகும். அபூர்வம். ஆனா ஆகும். அது கனவில்லை அம்மே.”

நான் அழுதேன். பதினெட்டு வருஷம் கழித்து, முன்பின் தெரியாத ஒரு பெண் சொல்லவேண்டியிருந்தது.

மறுநாள் என் நெற்றியில் ஒரு பட்டையை ஒட்டினாள். அதிலிருந்து வயர் ஒரு பெட்டிக்குப் போனது. மூளையின் ஓட்டத்தைப் பெட்டி கோடாக வரைகிறது, கூடவே ஒரு நம்பரும் காட்டுகிறது. அப்போது தொண்ணூற்றேழு. “இது முழிச்சிருக்கிற நம்பர். நாப்பதுக்கும் அறுபதுக்கும் நடுவுல கொண்டுபோய் வெப்பேன். இதை மட்டும் நம்ப மாட்டேன், நாடி, பிரஷர், மருந்து எல்லாம் பார்ப்பேன். அம்மே முழிக்கப் பார்த்தா எனக்குத் தெரியும்” என்றாள்.

“நடுவுல எந்திரிச்சுப் போயிர மாட்டியே?”

“சாயா குடிக்கக்கூடப் போக மாட்டேன்.”

சாயா என்றதும் உன் அடுப்பு ஞாபகம் வந்தது. அதோடு தூங்கிப்போனேன். முழித்தபோது எல்லாம் முடிந்திருந்தது. நடுவில் ஒன்றுமே இல்லை. தூக்கம் என்றால் இப்படித்தான் இருக்கவேண்டும் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

வீட்டுக்கு வந்த பிறகு உன் ரசியா எர்ணாகுளத்திலிருந்து படகு பிடித்து என்னைப் பார்க்க வந்தாள். அவள் நர்ஸ் ஆயிற்றே என்று நெற்றிப் பட்டையைப் பற்றிப் பெருமையாகச் சொன்னேன். டாக்டர் சொன்னதையும் சொன்னேன். அவள் கையிலிருந்த டம்ளரைக் கீழே வைத்தாள்.

“மாமி, உம்மா மவுத்தாகுறதுக்கு முந்தி என்கிட்ட சொல்லிச்சு. அன்னைக்கு உம்மா தியேட்டர்லதான் இருந்துச்சு. ‘சாரே, இவ அழுவுறா’ன்னு மயக்க டாக்டர்கிட்ட சொல்லிச்சாம். ‘துடைச்சு விடு’ன்னுட்டு அவர் மருந்தைக் கூட்டினாராம். அப்புறம் பெரிய நர்ஸ் கூப்பிட்டு, வெளியே பேச்சு வந்தா உனக்கு வேலை இல்லைன்னாங்களாம். எனக்கு அங்கதான் நர்ஸ் படிப்புக்கு சீட் கேட்டு வெச்சிருந்துச்சு.”

“ஒரு வருஷமா நீயும் மறைச்சிட்டியா?”

“எப்படி மாமி சொல்வேன்? அந்த சீட்டுல படிச்சவ நான்தானே.”

கதீசா, ரசியாவுக்காக என்றால் என்னிடம் சொல்லியிருக்கக்கூடாதா? அவளுக்காக நான் வாயை மூடிக்கொண்டிருக்க மாட்டேனா? ‘நெசந்தான் பாக்கியம், யார்கிட்டயும் சொல்லாதே’. இவ்வளவுதானே நீ சொல்ல வேண்டியிருந்தது? ஊர் சிரித்துவிட்டுப் போகட்டும், கதீசாவுக்குத் தெரியும் என்று நான் நிம்மதியாக இருந்திருப்பேனே. உன் மகள் பாஸானதற்கு முதலில் லட்டு வாங்கிக் கொடுத்தவள் நான். அதை வாங்கித் தின்றபோது உன் தொண்டையில் இறங்கியதா?

இன்னொன்றும் கேட்கவேண்டும். அன்று என் விரலை அழுத்தினாயே. நான் அழுவது பொறுக்காமல், பழைய பழக்கத்தில் கை போய்விட்டதா? இல்லை, அப்போதே என்னை வாயைத் திறக்காதே என்றாயா?

நீ சொல்லப்போவதில்லை.

வருகிற திங்கட்கிழமை ரசியாவுக்குத் தைராய்டு ஆபரேஷன். எனக்குத் துணைக்கு வருவீர்களா மாமி என்று கேட்கத்தான் அன்றைக்கு வந்தாளாம். மறைத்து வைத்துக்கொண்டு கேட்க அவளுக்கு வாய் வரவில்லை. உன்னைவிட அவள் மேல்.

போவேன், கதீசா. இது உனக்கு நான் கொடுக்கும் வாக்கு. அவளுடைய மயக்க டாக்டரிடம் நெற்றிப் பட்டை உண்டா என்று நானே கேட்பேன். முழித்த பிறகு அவள் என்ன சொன்னாலும் நம்புவேன். தியேட்டர் வாசலில் அவள் சுண்டுவிரலைப் பிடிப்பேன். ஒரு தரம்தான் அழுத்துவேன். அதற்கு என்ன அர்த்தம் என்று அவளுக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறேன்.

உன் தோழி என்று எழுத இன்னும் கை வரவில்லை.

ரசியாவின் மாமி,
பாக்கியம்